வெட்டினவை

பதினொரு வருசத்தில் நான் பல தொழில் பார்த்தவளாம்.
இல்லை. அதே தோள், அதே கதிரை.
கதிரையின் ஒரு சில்லு மட்டும் கழன்று போனது.

காலையில் கொழும்புத்துறையில் சாமத்தியவீடு.
பின்னேரம் நாவாந்துறையில் செத்தவீடு, நேரலை.
ஸ்கார்பரோவிலிருந்து போனில் ஒரு குரல்:
"அப்பான்ர முகத்தைக் கொஞ்சம் கிட்டக் காட்டுங்கோ."
ஒரு மகன் எப்படிக் கிட்டப் போவான்
என்று யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை.
செருப்பைக் கழற்றிவிட்டு
மெதுவாகப் போனேன்.
குரல் அதற்குப் பிறகு ஒன்றும் கேட்கவில்லை.

சொந்தப் படங்கள் நாலு.
நீளமானது பத்தொன்பது நிமிடம்,
கல்லுண்டாய்க் குப்பைமேட்டில் மாடுகள் மேய்வது.
படப்பிடிப்பு: டிலோஜினி. தொகுப்பு: டிலோஜினி.
ஒலிக்கும் என் பெயரைப் போட வெட்கமாக இருந்தது,
'காற்று' என்று போட்டேன்.
படம் முடிய ஒருவர் எழும்பிக் கேட்டார்,
ஆர் அந்தக் காற்று, நல்லாச் செய்திருக்கிறார்.

கோண்டாவில் கலியாணம் ஒன்று.
அல்பமும் டிஸ்க்கும் குடுத்து ஒரு வருசத்துக்குப் பிறகு
பெண்ணின் தமையன் வந்தான்.
காணிப் பிரச்சினை.
"மூத்தக்கான்ர மனிசன் ஒரு இடத்திலயும் வரக்கூடாது."
நாற்பத்தொரு இடத்தில் வந்தார்.
சில இடத்தில் வெட்டினேன், சில இடத்தில் அழித்தேன்.
மாப்பிள்ளைக்கு அவர் குடை பிடித்த இடத்தில்
குடை மட்டும் அந்தரத்தில் நின்றது.
ஒருத்தரும் கவனிக்கவில்லை.
அது என் திறமை.

போன மாசம் முறிகண்டியில் பஸ் மோதி
அவர் போய்விட்டார்.
மூத்தக்கா வந்தா, மகளோடு.
படம் இருக்காம், குரல்தான் ஒரு இடத்திலயும் இல்லையாம்.
பிள்ளைக்கு அந்தக் கலியாண நேரம் எட்டு மாசம்.

நீலப் பட்டி ஒட்டின ஹார்ட் டிஸ்க்.
அதில் 'வெட்டினவை' என்று ஒரு கோப்புறை.
நாற்பத்தொரு துண்டு, எல்லாவற்றிலும் அவர்.
வேர்வை துடைக்கிறார்.
ஆரையோ அதட்டிப் போட்டுச் சிரிக்கிறார்.
கடைசித் துண்டில் நேரே லென்ஸைப் பார்த்து,
"தங்கச்சி, சாப்பிட்டனீங்களோ?
உதை வைச்சிட்டு வாங்கோ, பந்தி முடியப் போகுது."

நான் நிறம் திருத்தவில்லை.
பாட்டுப் போடவில்லை.
துண்டுக்குத் துண்டு நடுவில் கறுப்பை
அப்படியே விட்டேன்.

பிள்ளை மூன்று தரம் கடைசித் துண்டைப் போடச் சொன்னாள்.
"அப்பா ஆரோட கதைக்கிறார்?"
"என்னோட."
"நீங்க சாப்பிட்டீங்களா?"
ஞாபகமில்லை. இல்லையென்றுதான் நினைக்கிறேன்.

"எவ்வளவு?" என்று மூத்தக்கா பேர்ஸைத் திறந்தா.
வெட்டினதுக்கு அப்பவே காசு வாங்கிட்டன் என்றேன்.

நாளைக்கு விடிய ஐந்தரைக்கு இணுவிலில் மாப்பிள்ளை வீடு.
இரண்டு பற்றறி சார்ஜில் கிடக்கிறது.
ஒன்று இன்னும் சிவப்பு.