கோரிப்பாளையம் வரை

ஆரப்பாளையத்தில் ஏறும்போதே
அவனுக்குத் தூக்கம் கெட்டிருந்தது.
பஸ் கிளம்புமுன்
முன்சீட்டுப் பெண்ணின் சடையை
இரண்டு கையாலும் பற்றிக்கொண்டான் விதுன்.

"ஒண்ணு வைங்க, அடங்கும்"
என்றார் கண்டக்டர், சில்லறை எண்ணியபடி.
என் கையும் ஓங்கியதுதான்.
அடிக்காதே என்பதற்கு
அடியைத் தவிர வேறு வார்த்தை பழகாத கை.

அதை அவன் முஷ்டியின் மேல் வைத்து
"வலிக்கும்டா" என்றேன். மறுபடியும் அதையே.
சிம்மக்கல் போனது.
யானைக்கல் பாலத்தில் ஒரு விரல் விட்டது.

திரும்ப முடியாமல்
கழுத்தைச் சாய்த்துக் கொடுத்தபடி சொன்னாள்:
"எம்பொண்ணு கடிப்பா. மெதுவா எடுங்கக்கா."

கோரிப்பாளையத்தில் இறங்கிவிட்டாள்.
அவன் விரலிடுக்கில் நாலு முடி.
ஜன்னல் கம்பியில் முகத்தை ஒட்டி
அவள் போன பக்கம்
அதை நீட்டி நீட்டி
"இந்தா" என்கிறான்.