மொட்டைமாடிச் சாவி

பாபுராவ் தெருவில் மூன்று மாடி லாட்ஜ்.
எட்டு வருடமாக இரவு முழுக்க
அதன் சாவிகளுக்கு நான் காவல்.

காட்பாடியில் மூன்று மணிக்கு இறங்குகிறவர்கள்
மூன்றரைக்கு என் மேஜை முன் நிற்பார்கள்,
இரண்டு ராத்திரி ரயிலாட்டம் இன்னும் முழங்காலில்.
கையில் எக்ஸ்ரே உறை, பொரி மூட்டை, ஸ்டவ்.
சிலர் படுத்தால் மறுநாள் மாலைதான் எழுவார்கள்.
சிலர் படுப்பதே இல்லை,
காரிடாரில் செருப்புச் சத்தம் வந்து வந்து போகும்.
"கும் ஆஷே நா" என்பார்கள்.
தூக்கம் வரலியாம்.
நான் கற்ற முதல் வங்காள வாக்கியம் அது.
தலையாட்டுவேன்.
பகலில் எனக்கும் அதே கதைதான் என்று சொல்ல
என் வங்காளம் போதாது.

மெடிக்கலில் வேலை பார்க்கும் தமீம்
மாத்திரை தரவில்லை.
பல்சரின் பின்சீட்டைத் தட்டினான்.
கண்ணமங்கலம், போளூர், அப்புறம் ஜவ்வாது மலை.
வளைவுக்கு வளைவு காது அடைத்துத் திறந்தது.
பீமன் அருவிக்குத் தலையைக் கொடுத்தோம்.
சாமைச் சோறு, கொள்ளு ரசம்.
ஜமுனாமரத்தூரில் ஒரு வாடகை அறை.
மேஜைக்கு அந்தப் பக்கமிருந்து ஒருவன் சாவியை நீட்ட
வாங்கத் தெரியாமல் நின்றேன்.

கால் இரண்டும் கெஞ்சின. தூக்கம் வரவில்லை.
தமீமின் குறட்டை வேறு.
மூன்றரைக்கு உடம்பு தானாக எழுந்து உட்கார்ந்தது,
யாரோ மணியடித்த மாதிரி.
வெளியே போனேன்.
யாரும் வரவில்லை. யாருக்கும் அறை வேண்டாம்.
ஒரு பாறை மட்டும்
நேற்றைய வெயிலில் கொஞ்சத்தைக் கொடுக்காமல் வைத்திருந்தது.
முதுகைச் சற்றுச் சாய்க்கலாம் என்றுதான்

"வேதகிரியண்ணே, மணி ஒன்பது."
கன்னத்தில் பாறையின் அச்சு. காதுக்குள் எறும்பு.
என் முகத்துக்கும் சூரியனுக்கும் நடுவே
துண்டை விரித்துப் பிடித்து நின்றிருந்தான் தமீம்.
எவ்வளவு நேரமாடா என்றால்
டீ ஆறிடும் வா என்கிறான்.

திங்கள் இரவு, அதே நாற்காலி.
மால்டாக்காரர், மனைவியை வார்டில் விட்டு வந்தவர்,
நாலாவது தடவையாகப் படியிறங்கி வந்தார்.
அவர் வாய் திறப்பதற்குள்
ஆணியிலிருந்து எடுத்து நீட்டினேன்,
யாருக்கும் தரக்கூடாதென்று முதலாளி சொன்ன
மொட்டைமாடிச் சாவியை. கூடவே ஒரு பாய்.
வேலூர்த் தளம். விடிகிறவரை சூடு இறங்காது.

ஆறு மணிக்கு என் டூட்டி முடிந்தது.
சாவி திரும்பவில்லை.
பகல் ஆளிடம் ஏதோ கணக்கு இடிக்கிறதென்று சொல்லி
நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு
எட்டரை வரை உட்கார்ந்திருந்தேன்.