நாலு செக்கன்

போன கிழமை இடியில் பழைய ரவுட்டர் கருகிவிட்டது.
புதியதை எல்லாமே பழகிக்கொண்டன,
போன், டிவி, கீழ்வீட்டு நிரோஷாவின் டெப் கூட.
அலுமாரித் தட்டில், அரிசி வாளிக்கு மேலே
இருக்கிற கறுப்புப் பெட்டி மட்டும் இல்லை.
விசிறி சுற்றுகிறது. பச்சை விளக்கு மினுங்குகிறது.
கூப்பிட்டால் பேச்சில்லை.

ஜெபநேசன் டோஹாவிலிருந்து சொன்னான்:
"நிலையான முகவரி எழுதி வைத்தது நான்தான் அக்கா.
இப்போ ரவுட்டர் எட்டாம் தெருவுக்குப் போயிட்டுது.
அது இன்னும் ஒன்றாம் தெருவிலேயே
ஐம்பதாம் நம்பர் வாசலில் நிற்குது."

முகவரி என்றதும் சிரிப்பு வந்தது எனக்கு.
பெட்டிக்குள் இருப்பதே அதுதானே:
ஆறு வருஷமாய் பொகவந்தலாவைச் சுற்றி
நான் ஸ்கேன் பண்ணிய பிறப்புச் சான்றிதழ்கள்,
சேமலாப நிதிப் படிவங்கள்,
மூன்று தாளில் மூன்று பேராகிப்போன ஒரே ஆள்.
விலாசம் என்ற இடத்தில் தோட்டம், டிவிஷன்.
வீட்டு இலக்கம் கேட்ட இடத்தில்
எல்லோருக்கும் ஒரு சின்னக் கோடு.
காத்தமுத்து அண்ணனின் கடிதம்
ஆபீஸ் மேசையில் எட்டு மாதம் கிடந்தது,
அவர் எதிரே தேயிலை நிறுத்துக்கொண்டிருந்தார்.

"பின்னால ஊசித்துளை இருக்கும்.
நாலு செக்கன் அமத்துங்க. பீப் கேட்டதும் விட்டுடுங்க.
தப்பித் தவறி இன்னொரு தரம் அமத்தினா..."

லைன் அறுந்தது.

அமத்தினால்?

தோட்டுத் தண்டு நுழையவில்லை. சேலை ஊக்கு நுழைந்தது.
ஒன்று.
மேரி ரெஜினா, ரெஜினாமேரி, மாரி.
இரண்டு.
வளைவில் கொழுந்து லொறி ஹோர்ன் அடித்தது,
ஊக்கு வழுக்கிவிட்டது.
அது ஒரு தரமா, இல்லையா?
யாரைக் கேட்க.
மழை தகரத்தில் ஏறிக்கொண்டிருந்தது.

திரும்பவும். ஒன்று, இரண்டு, மூன்று,
மூச்சைப் பிடித்துக்கொண்டு நாலு.

பீப்.

சூடு பட்டதுபோல் கையை எடுத்தேன்.

பத்து நிமிஷத்துக்குப் பிறகு
ரவுட்டரின் பட்டியலில் புதிதாய் ஓர் ஆள்:
பெயர் தெரியாத சாதனம், இருபத்து மூன்று.
கடவுச்சொல்லையும் மறந்திருந்தது,
வெறுமனே தட்டியதும் திறந்துகொண்டது.
உள்ளே எல்லோரும் இருந்தார்கள்.
அறுநூற்றுப் பதினோராம் கோப்பு, காத்தமுத்து,
அவருடைய பெருவிரல் மை.

புதுக் கடவுச்சொல் வைத்தேன்.
இந்த முகவரியை நிலையானதாக்கவா
என்று திரை கேட்டது.
ஆம் என்பதற்கும் இல்லை என்பதற்கும் நடுவில்
விரலை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தேன்.

பிறகு உலைக்கு அரிசி எடுக்க வேண்டியிருந்தது.