கொம்பு

கொப்பி முழுக்கச் சிவப்பு.
'கெ' எழுதச் சொன்னால்
'க' எழுதி, அதற்குப் பிறகு
கொம்பு வைக்கிறான் நிதுசன்.
"முதல்ல 'க்' தானே கேக்குது,
கொம்பு ஏன் முந்தி வருது, அம்மா?"

ரீச்சர் பிழை போட்டார்,
பதில் போடவில்லை.
எனக்கும் தெரியாது.
மூதூர் பஸ்ஸை நிறம் பார்த்து ஏறுகிறவள் நான்.
வங்கியில்,
"கண்ணாடிய மறந்திட்டன், நிரப்பித் தாங்கோ" என்பேன்.
கண்ணாடி என்னிடம் இருந்ததே இல்லை.

நேற்றுக் கோட்டை வாசலில்
கச்சான் வாங்கிக்கொண்டு நின்றோம்.
மதில் மறைவிலிருந்து
முதலில் கொம்பு வந்தது.
ஆறுதலாக, பிறகுதான்
மான்,
லொத்தர் துண்டொன்றை மென்றபடி.
அவன் என்னைப் பார்த்தான்.

இன்றைக்கும் நாலு பிழை.
இரவு பென்சில் சீவித் தரச் சொன்னான்.
இரண்டு சீவினேன்.