கடைசி எழுத்து

கோட்டாற்றில் ஒரு மளிகை மொத்தக் கடைக்கு மேலே
மிளகாய் நெடி ஏறிவரும் இரண்டாம் மாடி.
பதினான்கு கணினி. ஒரு குடம் தண்ணீர்.
பக்கத்துக்கு மூன்று ரூபாய் எழுபது பைசா.
இந்த மாதம் எனக்கு வந்திருப்பவர்
ஓர் அமெரிக்க ஜனாதிபதி.

அவருடைய உரைகள், ஆணைகள், கடிதங்கள்,
எவரோ அனுப்பிய பூசணிக்காய்க்கு நன்றி.
மொத்தம் ஆறு தொகுதி.
முதல் இரண்டும் டெல்பினுக்கு; அதில் ஒரு போர் முடிகிறது.
கடைசி இரண்டும் ஆன்றோ சேவியருக்கு;
அதில் இன்னொன்று தொடங்குகிறது.
நடுவில் கிடப்பது என் பங்கு.
“ஒனக்கு ரெஸ்டாக்கும் பிள்ளே” என்கிறாள் டெல்பின்,
“கோதம்ப வெலையும் பாலந்தொறப்பும்தானே.”

சரிதான். என் ஆள் எதையாவது திறந்துவைத்துக்கொண்டே இருக்கிறார்.
அணை, தபாலாபீஸ், மாட்டுக் கண்காட்சி.
பேச்சுக்கு நடுவில் அடைப்புக்குறிக்குள்
சிரிப்பு என்று வரும்.
சாய்வெழுத்தில் போட வேண்டும், அது விதி.
எதற்குச் சிரித்தார்கள் என்று மேலேயும் கீழேயும் தேடுகிறேன்.
மழை வரும் போலிருக்கிறது,
அவ்வளவுதான் சொல்லியிருக்கிறார்.
சண்டை முடிந்த ஊரில்
அதற்கே சிரிப்பு வரும் போல.

சிக்கல் அச்சில்.
ஈயம் தேய்ந்த பழைய எழுத்து;
‘வாஸ்’ என்று இருப்பதை
இயந்திரம் ‘வார்’ என்று படித்துவிடுகிறது.
இருந்தது என்ற இடத்திலெல்லாம் போர்.
காலை உணவு நன்றாகப் போர்.
என் தாயார் பள்ளி ஆசிரியையாகப் போர்.
அகராதிக்கு இரண்டும் சரியான சொல்,
சிவப்புக் கோடு விழாது.
கண்ணால்தான் பிடிக்க வேண்டும்.
நேற்று ராத்திரி மட்டும்
நூற்றுப் பன்னிரண்டு போர்களை நிறுத்திவிட்டு
டீ குடிக்கப் போனேன்.

ஓர் எழுத்து என்ன செய்யும் என்று தெரியும் எனக்கு.
ஒக்கி அடித்த வருஷம்
காணாமல் போனவர் பட்டியலில்
சித்தப்பா பெர்க்மான்ஸ், பெர்னான்ஸ் ஆகிவிட்டார்.
குளச்சலில் அப்படி ஓர் ஆளே கிடையாது.
இல்லாத ஆளைக் கடல் எப்படிக் கொண்டுபோகும் என்றார்கள்.
இவ்வளவு அழகாக அல்ல,
“நாளைக்கு வாங்க” என்று.
பதினொரு மாதம் சித்தி கலெக்டர் ஆபீசுக்கு பஸ் ஏறினாள்,
ரேஷன் கார்டை ஈரத்துணிபோல நெஞ்சோடு அணைத்தபடி.
திருத்தியபோது ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை.

இன்று விடியற்காலை,
என் தொகுதியின் கடைசிப் பக்கம், கடைசி வரி:
‘ஆஃப்டர் ஆல் தட் வா—’
அதற்கு அப்புறம் ஒரு மைக்கறை.
இருந்த அத்தனைக்கும் பிறகு என்றும் சொல்லலாம்,
அத்தனை போருக்கும் பிறகு என்றும் சொல்லலாம்.
இலக்கணம் இரண்டுக்கும் தலையாட்டுகிறது.
வாடிக்கையாளருக்குக் கேள்வி அனுப்பினேன்.
பதில் வந்தது: படத்தில் உள்ளபடி.
படத்தை நானூறு சதவீதம் பெருக்கினேன்.
ஒரு கறுப்பு, அதற்கு ஈயின் காலளவு ஒரு வால்.

டெல்பின் எட்டிப் பார்த்தாள்: “வாரு, வேற என்ன.”
ஆன்றோ நாற்காலியை உருட்டிக்கொண்டு வந்தான்:
“வார்தான் மக்கா. என் பொஸ்தகம் அங்கேருந்துதானே ஆரம்பிக்குது.”
முன்னும் பின்னும் படித்தவர்கள் அவர்கள்.
நான் படித்தது
பூசணிக்காயும் மழையும்.

கீழே கடைக்காரர் ஷட்டரைத் தூக்கினார்.
அஞ்சு பத்து குளச்சல் பஸ்
சந்தை முக்கில் ஹாரன் அடித்தது.
ஓர் எழுத்தை அடித்துச் சேமித்தேன்.

சிவப்புக் கோடு விழவில்லை.