என் கூரைக்கு மேலே

ஒன்பது வருஷமாகக் காதால் மட்டும் நான் அறிந்த மனிதர்
இன்றிரவு துறைமுக நூலகத்தின் வெள்ளைச் சுவரில்
முகத்தோடு வந்தார்.

பதினான்கு நிமிடப் படம். வசனம் இல்லை.
கல்லூரி இன்னும் முடிக்காத ஸ்கைஸ்தே எடுத்தது.
கிளைபேடாவில் எங்கள் குடியிருப்பு, ஐந்தாம் மாடி,
ஸெனோனாஸ், தனி ஆள்.
நான் நான்காம் மாடி.

காலை ஆறுக்கு உருண்டோடி நிற்கும் அந்தச் சத்தம்
உருளைக்கிழங்காம்.
பெயரைக் காப்பாற்றும் கிழங்குகள்.
நடைவழியில் உருட்டிவிடுகிறார்,
கதவைத் தொட்டவை மட்டும் அன்று பானைக்குப் போகும்.
பாதியில் நின்றவற்றைத் துடைத்துத்
திரும்பக் கூடையில் வைக்கிறார்.

பிறகு அந்த மணி.
வெளியே போய்த் திரும்பினால்
தன் வீட்டு அழைப்புமணியைத் தானே அடிக்கிறார்.
சாவி கையிலேயே இருக்கிறது.
தலைவாரிக்கொண்டு காத்திருக்கிறார்,
யாரோ திறந்துவிட்டதுபோல் லேசாகக் குனிந்து
தொப்பியைக் கழற்றி, உள்ளே.

அரங்கு சிரித்தது. நானும்.
இவருக்கு மட்டும் எத்தனை விருந்தாளிகள் என்று
பொறாமையில் புரண்ட இரவுகளை யாரிடம் சொல்ல?

வானொலியைக் குளிர்கோட்டுக்குள் வைத்துப்
பொத்தான் போடுகிறார். ஏனென்று படத்துக்கும் தெரியவில்லை.

ஒன்பதே காலுக்கு ஒரு கரண்டி எடுத்து
ஹீட்டர் குழாயில் மூன்று முறை தட்டுகிறார்.
குழாயில் காதை வைக்கிறார்.
நிசப்தம்.
பின்வரிசையில் யாரோ “பாவம்” என்றார்கள்.
பெயர்கள் ஏறத் தொடங்கின.

அங்கே நிசப்தம் கிடையாது.
அங்கே நான் இருக்கிறேன்,
கத்திரிக்கோலின் பிடியால், மூன்று முறை.
ஒரு பனிக்காலத்தில் தூக்கம் கெட்டு
“உருட்டாதே” என்று நான் அடித்ததை
அவர் வணக்கம் என்று எடுத்துக்கொண்டார்.
திருத்தப்போய், திருத்தாமலே
வருஷங்கள் ஓடிவிட்டன.

வாசலில் ஸ்கைஸ்தேவைப் பிடித்துக் கேட்டேன்.
“கீழேயிருந்து ஏதோ குழாய் இரைச்சல்,
நீக்குவதற்கே இரண்டு நாளாயிற்று” என்றாள்.
நல்ல பெண். கண்ணெல்லாம் தூக்கமில்லாத சிவப்பு.
படம் அருமை என்றேன். அருமைதான்.

காயல் காற்று குடையைப் புரட்டிப்போட
மேட்டுத்தெரு ஏறும்போதுதான் உறைத்தது:
ஒன்பதே காலுக்கு நான் அரங்கில் இருந்தேன்.
அவர் தட்டியிருப்பார்,
காதை வைத்திருப்பார்,
படத்தில் உள்ளபடியே.

மணி பத்தே முக்கால்.
கோட்டைக் கழற்றாமல்
இழுப்பறை இழுப்பறையாகத் துழாவுகிறேன்.
இந்தக் கத்திரிக்கோலை
எங்கே வைத்தேன்.