வருகைப் படம்

காலையில் ஒன்று, மதியம் ஒன்று.
படம் ஏறாவிட்டால்
அன்றைக்கு யாரும் வேலைக்கு வரவில்லை.

நேமத்தான்பட்டி ஊருணிக்குள்
காய்ந்து வெடித்த களிமண்ணில்
பதினெட்டுப் பேரை நிறுத்தி
"இங்க பாருங்க" என்பது
பணித்தளப் பொறுப்பாளர் என் வேலை.
வெட்டும்போது எடுத்தால் முகம் குனிந்துவிடும்.
அதனால் நூறு நாளும்
ஒரு கூடை மண் அள்ளாமல்
மண்வெட்டியை வேல்போல் பிடித்து நிற்கிறார்கள்
என் போனில்.

வெள்ளச்சிக்கு எப்போதும் இடது ஓரம்.
டவர் தேடி நான் கரையேறிக் கையை உயர்த்தினால்
"ஏத்தா, எங்கள எங்க அனுப்புற?
அங்க உள்ளவுக சாப்புட்டாகளான்னு கேளு" என்பாள்.

ஆடியில் காய்ச்சல். மூன்றே நாள்.
மகன் சேவுகன் திருப்பூரிலிருந்து வந்தான்.
"ஆதார்ல இருக்கறது ஆத்தா மாதிரியே இல்லக்கா.
ஒங்க போன்ல இருக்குமுல்ல?"

இருந்தது. இரண்டு வருஷத்தில் இருநூற்றுப் பதினாலு.
முந்தானை நிழலில் பாதி மூக்கு,
ஒன்றில் கொட்டாவி,
காலைப் படங்களில் பாதிக்குமேல் கண் மூடியிருந்தாள்.
சித்திரையில் எடுத்த ஒன்றில் மட்டும்
எதற்கோ சிரிக்கப் போகிறாள்.
சிரிப்பதற்குள் எடுத்துவிட்டேன்.

காரைக்குடி ஸ்டுடியோக்காரன்
அந்த முகத்தை மட்டும் வெட்டினான்.
அரக்குப் பட்டு உடுத்தினான், அட்டிகை பூட்டினான்,
பின்னால் வரிசையாய்ப் பர்மாத் தேக்குத் தூண்கள்.
அப்படியொரு வீட்டில்
பின்கட்டில் பாத்திரம் விளக்கும் இடத்தைத் தாண்டி
அவள் போனதில்லை.

பிளக்ஸ் முக்கில் நின்றது.
"ஆச்சி கணக்கா இருக்கா" என்றார்கள்.
தினமும் வண்டியில் அதைக் கடந்து போனேன்.
இப்போது அவளை நினைத்தால்
தூண்தான் முதலில் வருகிறது.
சாப்புட்டாகளா என்று கேட்பது
பட்டுச்சேலைக்காரி.

நேற்று ராத்திரி
போனில் இடமில்லை. அழிக்க உட்கார்ந்தேன்.
காலைப் படங்களைத் தள்ளத் தள்ள
அப்போதுதான் கண்ணில் பட்டது:
வெயிலுக்கு முதுகு காட்டி நின்ற என் நிழல்
போனைப் பிடித்த கை இரண்டும் காதுபோல் விரிய
களிமண்ணில் நீண்டு
அவள் காலடியில் முடிகிறது.

கண் மூடவில்லை அவள்.
கீழே பார்த்திருக்கிறாள்.

சித்திரைப் படத்தை விரலால் விரித்தேன்.
வலது கால் தூக்கியிருக்கிறது,
என் தலைக்கு நேர்மேலே.

இன்று பதினேழு பேர்.
"கொஞ்சம் இடப்பக்கம் தள்ளி வாங்க,
இன்னும், இன்னுங் கொஞ்சம்" என்றேன்.
ஏனென்று யாருக்கும் புரியவில்லை.
டவர் இருந்தது.
படம் உடனே ஏறிவிட்டது.